மீனவ ஊரை ஆவணப்படம் எடுக்கப் போகிறவர்களுக்கு

தயாரிப்பாளர் கிடையாது, கையில் ஒரு கேமரா, கூட ஒரு ஆள், ஒரு ஊர் எப்படி ஒன்றாக இருக்கிறது என்று படம் எடுக்க ஆசை. சரி, தேவனாம்பட்டினமோ சிங்காரத்தோப்போ சோனாங்குப்பமோ, கடலூரில் எந்த ஊராக இருந்தாலும் முதல் தடவை கேமராவை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போங்கள்.

போனதும் ஊர்ப் பஞ்சாயத்தாரைப் பாருங்கள். அரசாங்க ஊராட்சியைச் சொல்லவில்லை, மீனவர்கள் தங்களுக்கென்று வைத்திருக்கும் பஞ்சாயத்து. யார் பணம் தருகிறார்கள், படத்தை எங்கே போடுவீர்கள், எந்தக் கட்சி, எந்தக் கம்பெனி என்று கேட்பார்கள். பக்கத்திலேயே சிப்காட் தொழிற்பேட்டை இருக்கும்போது கேட்காமல் இருந்தால்தான் ஆச்சரியம். மழுப்பாமல் சொல்லிவிடுங்கள். அங்கே சம்மதம் கிடைத்ததும் வேலை முடிந்தது என்று நினைக்க வேண்டாம், ஏனென்றால் அந்தக் கூட்டத்தில் பொதுவாக ஆண்கள்தான் உட்கார்ந்திருப்பார்கள். மீன் விற்கும் அக்காக்களிடம் தனியாகக் கேட்க வேண்டும், அதுவும் ஏலம் நடக்கும்போது போய் நின்றால் திட்டுதான் கிடைக்கும், விற்று முடித்துவிட்டு உட்காரும் நேரமாகப் பாருங்கள்.

எப்போது போவது? ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் கரையில் நிற்கும், வலை பின்னிக்கொண்டே நிதானமாகப் பேசுவார்கள். மாசி மகத்துக்குச் சுற்றுவட்டாரச் சாமிகள் தேவனாம்பட்டினம் கடற்கரைக்குத் தீர்த்தவாரிக்கு வருவதை எல்லோரும் எடுக்கிறார்கள், செல்போனிலேயே நன்றாக வந்துவிடுகிறது. நீங்கள் ஊர்த் திருவிழாவுக்கு முந்தைய நாட்களில் போய் வரி வசூலைப் பாருங்கள்.

என்னைக் கேட்டால் படமே அங்கேதான் இருக்கிறது. குடும்பத்துக்கு இவ்வளவு என்று ஊர் வசூலிக்கும் தலைக்கட்டு வரி பொதுவாகக் கல்யாணமான ஆண்கள் பெயரில்தான், வரி கட்டுகிறவர்தான் ஊர்க்காரர். அப்படியென்றால் கணவனை இழந்த பெண்ணுக்கு என்ன கணக்கு, வெளிநாட்டு வேலைக்குப் போனவர் ஏன் அங்கிருந்து வரி அனுப்புகிறார், சுனாமிக் குடியிருப்புக்கு மாறிப்போனவர்கள் எந்த ஊர்க் கணக்கில் வருகிறார்கள்? "உங்கள் ஊர் ஒற்றுமையைப் பற்றிச் சொல்லுங்கள்" என்று கேட்டால் மேடைப் பேச்சுதான் வரும். வரி நோட்டைப் பற்றிக் கேளுங்கள், சண்டையும் பாசமும் சேர்ந்தே வரும்.

2004 சுனாமியை நீங்களாக ஆரம்பிக்காதீர்கள், வருகிற எல்லோரும் கேட்டுக் கேட்டு அவர்களுக்கு அது மனப்பாடமாகிவிட்டது. 2011 தானே புயலும் அப்படித்தான். தானாகப் பேச்சு வந்தால் குறுக்கே பேசாமல் கேமராவை ஓட விடுங்கள். மீன் கூட்டத்தையே வளைத்து அள்ளும் சுருக்குமடி வலை வேண்டுமா வேண்டாமா என்கிற விவகாரத்தைத் தொட்டால் ஒரு தரப்போடு நிறுத்தக் கூடாது, வேண்டாம் என்கிற ஊருக்கும் போயே ஆக வேண்டும்.

அப்புறம் கருவி விஷயம். காலையில் சூரியன் கடல் பக்கம் இருக்கும், கடலுக்கு முதுகைக் காட்டி நின்று எடுத்தால்தான் முகம் தெரியும். காற்று ஒலியைத் தின்றுவிடும் என்பதால் மைக்குக்கு ரோம உறை கட்டாயம். லென்ஸை உடனே துடைக்காதீர்கள், முதலில் மணலை ஊதிவிட்டு அப்புறம் துணி.

படத்தைத் திரைப்பட விழாக்களுக்கு அனுப்பும் முன் ஊரில் போட்டுக் காட்டுங்கள், கோயில் திடலில் ஒரு வெள்ளை வேட்டி போதும். விடியற்காலையில் தொழிலுக்குப் போகிறவர்கள் சீக்கிரம் படுத்துவிடுவார்கள், அதனால் கடலுக்குப் போகாத நாளாகப் பாருங்கள். யாராவது "நான் பேசினதை எடுத்துடு தம்பி" என்றால், உங்களுக்கு எவ்வளவு பிடித்த காட்சியாக இருந்தாலும் வாதாடாமல் வெட்டிவிடுங்கள்.