பழைய துணியில் ஒரு நினைவுப் புத்தகம்: லூயிஸ் பூர்ஜுவா வழியில்

கட்ட முடியாத சேலை, கழுத்து நைந்த சட்டை, எறிய மனம் வராத துண்டு என்று எல்லார் வீட்டு அலமாரியிலும் ஒரு மூட்டை இருக்கும். அதைப் பிரித்துப் பத்துப் பக்கத் துணிப் புத்தகம் தைப்போம். மிஷின் வேண்டாம்.

வழி காட்டியவர் லூயிஸ் பூர்ஜுவா என்ற கலைஞர். 1911-இல் பாரிஸில் பிறந்தவர். பெற்றோர் பழைய சித்திரத் திரைகளை, அதாவது படம் நெய்த தொங்குதுணிகளைச் செப்பனிடும் பட்டறை வைத்திருந்தார்கள்; அவற்றில் அரித்துப்போன உருவங்களின் கால்களை வரைந்து கொடுப்பது சிறுமி லூயிஸின் வேலை. 1938-இல் மணமாகி நியூயார்க் போனார். கல்யாணச் சீராக வந்த, பெயரெழுத்துத் தைத்த லினன் கைத்துண்டுகளைப் பல காலம் வைத்திருந்து, 2002-இல் அவற்றையே பக்கங்களாக்கித் தன் பழைய துணிகளை ஒட்டித் தைத்தார். அந்தத் துணிப் புத்தகத்தின் பெயர் 'ஓத் அ லூப்ளி', அதாவது மறதிக்கு ஒரு பாட்டு. நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியக இணையதளத்தில் பார்க்கலாம். ஊசியைக் கோப்பதற்கு முன் பாருங்கள்.

1. துணி பொறுக்குதல்
நாலைந்து போதும், ஒரே ஆளுடையதாக இருந்தால் நல்லது. பருத்தியில் தொடங்குங்கள். பழைய பட்டு மடிப்பில் விட்டுப்போகும். வெளிச்சத்தில் பிடித்தால் இழை இழையாகத் தெரிகிறதா? பின்னால் மல் துணி வைத்துத் தையுங்கள்.

ஈர வெள்ளைத் துணியை மேலே அழுத்துங்கள். சாயம் ஒட்டினால், ஒட்டாத வரை தனியாக அலசவும். குழம்புக் கறை, பேனா மை இவற்றோடு மல்லுக்கட்ட வேண்டாம். கறையை எடுத்துவிட்டால் கடையில் வாங்கிய துணிக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

2. தாள்
புத்தகத்தின் தாளுக்குக் காடா துணி எடுங்கள். அது சுருங்கும். துவைத்துத் தேய்த்த பிறகே 42 × 27 செ.மீ. அளவில் ஐந்து துண்டு வெட்டுங்கள்.

3. ஒட்டுத்தையல்
இங்கேதான் அவசரப்படக் கூடாது. சட்டைப் பையைப் பையாகவே வெட்டுங்கள். காலர், பொத்தான் பட்டி, சேலைக் கரையும் அப்படியே. சதுரம் சதுரமாக நறுக்கினால் யாருடைய சட்டை என்பதே போய்விடும். தாளின் இரு பாதியிலும் பரப்பி, இடம் மாற்றிப் பார்த்து, போனில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். ஓரத்தை அரை செ.மீ. உள்ளே மடித்து, குண்டூசி குத்தி, சின்னச் சின்ன ஓட்டுத்தையல் போடுங்கள். நூல் ஒரு முழத்துக்கு மேல் வேண்டாம், சிக்கும். தையல் கோணினால் பிரிக்காதீர்கள்.

பிறகு தாளின் நாலு ஓரத்தையும் 1 செ.மீ. உள்ளே மடித்து, தாளை இரண்டாக மடித்து மூடித் தையுங்கள். முடிச்செல்லாம் உள்ளே மறைந்துவிடும்.

4. கோப்பது
மடிப்புப் பக்கம் 2 செ.மீ. தள்ளி மூன்று காஜா. ஒரே அட்டையை வைத்துக் குறித்தால் ஐந்து தாளிலும் நேராக வரும். கை வராவிட்டால் தையல்கடையில் எடுத்துத் தருவார்கள். பூர்ஜுவாவும் காஜா எடுத்துத்தான் கட்டினார்; பக்கங்களைக் கழற்றலாம், மாற்றலாம். தாள்களை அடுக்கி, காஜாக்களில் நாடா கோத்து, இறுக்கி முடிச்சிடாமல் சுருக்குப் போடுங்கள். நாளைக்கு ஊரிலிருந்து இன்னொரு சட்டை வந்தால் நடுவில் ஒரு தாள் சேர்க்க வேண்டியிருக்கும்.