ஓட்ஸ் திராட்சை குக்கீ ஏன் அடையாகிறது?

புதிதாக குக்கீ சுடுகிறவர்களின் ட்ரேயைப் பார்த்தால் முக்கால்வாசி ஒரே காட்சிதான். பன்னிரண்டு உருண்டை உள்ளே போயிருக்கும், ஓரம் கருகிய ஒற்றை அடை வெளியே வந்திருக்கும். பழி ஓவன்மேல் விழும். ஓவனைச் சூடாக்காமல் வைப்பது போன்ற தவறுகளை ஒரு தடவை செய்தாலே தெரிந்துவிடும், அவற்றை இங்கே விட்டுவிடலாம்.

கீழே சொல்வதெல்லாம் ஏறக்குறைய 18 குக்கீக்கான அளவு: உப்பில்லாத பட்டர் 115 கிராம், பிரவுன் சுகர் 100, வெள்ளைச் சர்க்கரை 50, முட்டை ஒன்று, மைதா 100, ஓட்ஸ் 140, உலர் திராட்சை 80 கிராம், பேக்கிங் சோடாவும் பட்டைத்தூளும் அரை அரை டீஸ்பூன், உப்பு கால் டீஸ்பூன், வெனிலா ஒரு டீஸ்பூன்.

பட்டரை ‘அறை வெப்பநிலை’க்கு விடுவது

இந்த இரண்டு சொல்லால் வீணான பட்டருக்குக் கணக்கில்லை. குளிர்நாட்டுச் சமையலறையின் 20 டிகிரியை வைத்து எழுதிய வரி அது. சென்னையில் மே மாத மதியம் சமையலறை 34 டிகிரியைத் தொடும். பட்டர் உருகுவதும் 32-35 டிகிரியில்தான். காலையில் எடுத்து வைத்துவிட்டு மதியம் வந்தால் கிண்ணத்தில் எண்ணெய்தான் இருக்கும்.

பட்டரையும் சர்க்கரையும் அடிப்பது வெறுமனே கலப்பதற்கு இல்லை. சர்க்கரைப் பரல்கள் பட்டரைக் கீறிக் கீறிக் காற்றறைகளை உண்டாக்கும். சோடாவின் வாயு அவற்றைத்தான் ஊதிப் பெருக்கும். உருகிய பட்டரில் காற்று நிற்காது. ஓவனில் முட்டையும் மாவும் இறுகுவதற்குள் கொழுப்பு ஓடிவிடும், கூடவே குக்கீயும்.

இதைவிட எரிச்சலூட்டுவது அடுத்த வேலை: மாவு தளர்வாக இருக்கிறதே என்று இன்னும் இரண்டு கைப்பிடி மைதா. பரவுவது நிற்கும், ஆறியதும் ரஸ்க் ஆகும். உருகியதை ஃபிரிட்ஜில் இறுக்கினாலும் பழைய பதம் வராது, மணல் மணலாக உறையும். அதைச் சப்பாத்திக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

ஃபிரிட்ஜிலிருந்து எடுத்ததும் பட்டரைச் சின்னத் துண்டுகளாக நறுக்கிப் பரப்புங்கள். வெயில் காலத்தில் பத்து நிமிடமே அதிகம். விரலால் அழுத்தினால் குழி விழ வேண்டும். விரல் பளபளக்கக் கூடாது. சர்க்கரையோடு பீட்டரில் இரண்டு மூன்று நிமிடம் அடித்து, நிறம் வெளுத்ததும் நிறுத்துங்கள். மற்றதெல்லாம் சேர்த்தபின் மாவை மூடி 45 நிமிடம் ஃபிரிட்ஜில் வையுங்கள். பட்டர் இறுகும், ஓட்ஸும் ஈரத்தை இழுத்துக்கொள்ளும். முதல் ட்ரே வேகும்போது மீதி மாவும் ஃபிரிட்ஜிலேயே இருக்கட்டும். சூடான ட்ரேயில் அடுத்த உருண்டைகளை வைத்தால் ஓவனுக்குப் போகுமுன்பே அடிப்பக்கம் இளகிவிடும்.

வீட்டில் கடைந்த வெண்ணெய்

வேண்டாம். மோர்த் தண்ணீர் அதில் மிச்சமிருக்கும்.

கஞ்சி ஓட்ஸ்

மூன்று நிமிடத்தில் கஞ்சியாகும் ஓட்ஸ் குக்கீயிலும் கூழாகத்தான் ஆகும். ரோல்டு ஓட்ஸ் என்று பாக்கெட்டில் பார்த்து வாங்குங்கள். வெட்டிய முழுத் தானியமான ஸ்டீல் கட் ஓட்ஸ் பத்து நிமிடத்தில் வேகாது, பல்லில் கல்லாக இடறும்.

திராட்சையை அப்படியே போடுவது

காய்ந்த திராட்சை குக்கீயின் ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும். வெந்நீரில் பத்து நிமிடம் ஊறவைத்து, வடித்து, துணியில் ஒற்றி எடுங்கள். ஒற்றாமல் போட்டால் மாவு நீர்த்துவிடும். உருண்டைக்கு வெளியே துருத்தி நிற்பதை உள்ளே அமுக்குங்கள். கருகிய திராட்சை ஒன்று போதும், வாயெல்லாம் கசக்கும்.

சோடா கண்ணளவில்

சோப்பு வாடை வரும்.

நடு வேகும்வரை காத்திருப்பது

175 டிகிரியில் 10 முதல் 12 நிமிடம். ஓரம் பொன்னிறமாகி, நடு வெளிறி மெத்தென்று இருக்கும்போதே வெளியே எடுங்கள். வேகவில்லை என்றுதான் தோன்றும். ட்ரேயிலேயே ஐந்து நிமிடம் விட்டால் அந்தச் சூட்டில் நடு இறுகிவிடும். ஓவனுக்குள்ளேயே இறுகிய குக்கீ மறுநாள் கடிபடாது.

சூட்டோடு டப்பாவில் அடைப்பது

ஆவி வியர்த்து நமத்துப்போகும். கம்பி வலையில் முழுக்க ஆறட்டும்.