குணச்சித்திர நடிகராக வேண்டுமா? கேட்காமல் தாடியை எடுக்காதீர்கள்

முதலில் பெயரைத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள். கோடம்பாக்கத்தில் 'துணை நடிகர்' என்றால் பெரும்பாலும் கல்யாண சீனில் பின்னால் பந்தியில் உட்காருபவர், வசனமும் சுபாவமும் உள்ள அப்பா, ஏட்டு, வில்லனின் மச்சான் எல்லாம் 'குணச்சித்திரம்'. நான் விவரம் தெரியாமல் மேனேஜரிடம் துணை நடிகர் என்று சொல்லி, மூன்று நாள் கூட்டத்தோடு வெயிலில் நின்றேன். எம்.எஸ். பாஸ்கருக்கு 'பார்க்கிங்' படத்துக்காகக் கிடைத்த தேசிய விருதின் பெயர் என்னவோ 'சிறந்த துணை நடிகர்'தான், அது வேறு கதை.

அவர் டப்பிங் பேசி, சீரியலில் நடித்து வந்தவர். அதனால் குரலை அலட்சியம் செய்யாதீர்கள், மதுரைப் பேச்சும் வடசென்னைப் பேச்சும் உங்கள் வாயில் வேறு வேறாக வர வேண்டும். உடம்பைப் பழக்க நாடகத்துக்குப் போங்கள். பசுபதி, கலைராணி, குரு சோமசுந்தரம் எல்லாம் ந. முத்துசாமியின் கூத்துப்பட்டறை நாடகக் குழுவில் தேறியவர்கள்.

வாய்ப்புக்குச் சாலிகிராமம், வளசரவாக்கம் பக்கம் ஆபீஸ் ஆபீஸாக ஏறுவது இன்னும் இருக்கிறது. ஆனால் டைரக்டரைப் பார்த்தே தீருவேன் என்று வாசலில் நிற்பதைவிட உதவி இயக்குநர்களோடு டீ குடிப்பது மேல், போட்டோக்களைச் சலித்துக் கொடுப்பது அவர்கள்தான். மேக்கப் இல்லாத போட்டோ நாலு, ஒரு நிமிஷ வீடியோ ஒன்று போதும். ரோல் தருகிறேன், முன்பணம் கட்டு என்று யாராவது சொன்னால் அப்படியே படியிறங்கி வந்துவிடுங்கள்.

சரி, ஒரு ஏட்டு வேஷம் நன்றாக அமைந்துவிட்டது. அடுத்து வரும் மூன்று அழைப்பும் ஏட்டுதான்! வாடகை கட்டணும், ஒன்றை ஒப்புக்கொள்ளுங்கள், ஆனால் மற்ற இரண்டுக்குப் பதிலாகச் சம்பளம் குறைந்தாலும் வேறு வேஷம் தேடுங்கள். 1992இல் 'தேவர் மகன்' மாயனாக மிரட்டிய நாசர், 1996இல் 'அவ்வை சண்முகி'யில் ஊமை போல நடிக்கும் சமையல்காரராகச் சிரிக்க வைத்தார். மாயன் மாதிரியே பத்து வில்லன் செய்திருந்தால் அந்தச் சமையல்காரர் வேஷத்துக்கு அவரை யார் நினைத்திருப்பார்கள்?

ஸ்பாட்டில் முக்கியமானது கன்டினியூட்டி, அதாவது ஒரே சீனின் ஷாட்டுக்கு ஷாட் எதுவும் மாறாமல் இருப்பது. டம்ளரை எந்த வார்த்தையில் கீழே வைத்தீர்களோ, குளோசப்பிலும் அதே வார்த்தையில் வையுங்கள், இல்லையென்றால் எடிட்டர் உங்கள் ஷாட்டைத் தூக்கிவிட்டு ஹீரோ முகத்தைப் போட்டுவிடுவார். இரண்டு படம் ஒரே சமயத்தில் ஓடினால் தாடி பெரிய தலைவலி. சலூனுக்குப் போகும் முன் இரண்டு படத்தின் அசோசியேட் டைரக்டருக்கும் போன் போடுங்கள், பேட்ச் வேலை (விட்டுப்போன ஷாட்டுகளைப் பிறகு எடுப்பது) மிச்சம் இருக்கிறதா என்று கேளுங்கள், பதில் வரும்வரை கத்தரி படக்கூடாது.