பழைய லப்டொப்பிலும் பாட்டுப் பதியலாம்

வெள்ளவத்தையில் எங்கள் வீட்டில் 2 ஜிபி ராம் உள்ள விண்டோஸ் 7 லப்டொப் ஒன்று இருக்கிறது. தங்கச்சியின் வயலினை இன்றும் அதில்தான் பதிகிறேன். ஒலிப்பதிவு மென்பொருளான ஆடாசிட்டியின் 2.4.2 பதிப்பு அதில் நன்றாகவே ஓடுகிறது. பழைய பதிப்பு வேண்டுமென்றால் ஆடாசிட்டியின் சொந்தத் தளம் வழியாகவே எடுங்கள், கண்ட கண்ட தளங்கள் வேண்டாம்.

முக்கியமாக ஒன்று. 2021இல் வந்த 3.0 பதிப்பிலிருந்து எல்லாம் ஒரே ஏயுபி3 (.aup3) கோப்பாகச் சேமிக்கப்படுகிறது. பழைய பதிப்பு அதைத் திறக்காது. பழையதிலோ சிறிய ஏயுபி (.aup) கோப்பும் பக்கத்தில் 'டேட்டா' (_data) என்று முடியும் ஃபோல்டரும் இருக்கும். ஒலி முழுவதும் அந்த ஃபோல்டருக்குள்தான். பென் டிரைவில் போடும்போது இரண்டையும் சேர்த்தே கொப்பி பண்ணுங்கள். ஒரு முழுக் கீர்த்தனையை நான் அப்படிச் செய்யாமல்தான் இழந்தேன், இன்னும் மனது ஆறவில்லை. முடிந்ததும் வேவ் (WAV) ஒலிக் கோப்பாகவும் எடுத்து வையுங்கள்.

ஒரே மைக் என்றால் மோனோ போதும், அது ஸ்டீரியோ பிடிக்கும் இடத்தில் பாதிதான் பிடிக்கும். பதியும்போது வைஃபையை நிறுத்துங்கள். விண்டோஸ் 7க்கு வழமையான பாதுகாப்பு அப்டேட் 2020 ஜனவரியோடு நின்றுவிட்டதால், அப்புறமும் அதை இணையத்தில் விடாமலிருப்பது நல்லது.