கியோத்தோவில் வாள் பிடிக்கப் போகிறீர்களா? மெட்டியைக் கழற்றிவிட்டுப் போங்கள்

கோவையில் ஒரு பஞ்சாலைக்குக் கணக்கு எழுதுகிறேன். வயது 47. படியேறினால் இடது முழங்கால் சத்தம் போடும். இப்படிப்பட்டவள் கியோத்தோவில் சாமுராய் வாள் பயிற்சிக்குப் போனதற்குக் காரணம் என் மகன். ஒன்பதாம் வகுப்பு முடிந்த விடுமுறையில் ஜப்பான் போகிறோம் என்றதும் அவன் கேட்டது அது ஒன்றைத்தான். அவனுக்காகப் பணம் கட்டினேன், ஆனால் அவனைவிட நான்தான் அதிகம் ரசித்தேன். வாளைத் தொட்டே பார்த்திராத என்னைப் போன்றவர்கள் போவதென்றால் என்னென்ன தெரிந்திருக்க வேண்டும் என்று எழுதுகிறேன்.

முதலில் எதற்குப் பணம் கட்டுகிறீர்கள் என்று பாருங்கள். "சாமுராய் அனுபவம்" என்ற ஒரே பெயரில் நாலைந்து விதமான சரக்கு விற்கிறார்கள். வேஷம் போட்டுப் படம் எடுத்துக்கொள்வது ஒன்று. மேடையிலும் சினிமாவிலும் வருகிற சண்டையைக் கற்றுத்தருவது இன்னொன்று. இதற்கு 'ததே' என்று பெயர். வெட்டுவதும் விழுவதும் எல்லாம் முன்பே பேசி வைத்த அசைவுகள், குழந்தைகளுக்குக் கொண்டாட்டம். மூன்றாவது, வாளை உருவி வெட்டி மீண்டும் உறையில் இடுகிற 'இயாய்தோ' வகை. இதில் எதிராளியே கிடையாது. அப்புறம் கவசம் மாட்டி மூங்கில் கோலால் உண்மையாகவே அடித்துக்கொள்ளும் கெண்டோ. இவற்றோடு சில இடங்களில் கூர்வாளால் பாய்ச்சுருளை வெட்டிப் பார்க்கும் 'தமேஷிகிரி'யும் சேர்ந்து வரும்.

இதைத் தெரிந்துகொள்ளாமல் வேறொரு ஊரில் ஓரிடத்தில் பணத்தை விட்டோம். பிளாஸ்டிக் கவசம், முதுகில் ஒட்டுப்பட்டை, இருபது நிமிடம், பன்னிரண்டு படம், அவ்வளவுதான். "அம்மா, இது நம்ம ஸ்கூல் மாறுவேடப் போட்டிம்மா" என்றான் மகன். அதனால் முன்பதிவு செய்யும் முன் மூன்று கேள்வி எழுதிக் கேளுங்கள்: கையில் கொடுப்பது எந்த வாள்? உறையில் இடுவதைக் கற்றுத் தருவீர்களா? ஒரு வகுப்பில் எத்தனை பேர்? இரண்டாவது கேள்விக்கு நல்ல பதில் வந்தால் அந்த இடத்தை நம்பலாம் என்பது என் கணக்கு. வெட்டுவதை யாரும் பத்து நிமிடத்தில் காட்டிவிடுவார்கள். உறையில் இட வைப்பதற்குத்தான் பொறுமை வேண்டும்.

நாங்கள் கடைசியில் பிடித்தது ஆறு பேர் மட்டும் உள்ள ஒன்றரை மணி நேர வகுப்பு. தலைக்கு 9,000 யென் கொடுத்தேன். கூர்வாள் வெட்டு வேண்டுமானால் தனிக் காசு. அதற்கு வயது வரம்பு இருந்ததால் மகனுக்கு இல்லை என்று முன்பே சொல்லிவிட்டார்கள். பிள்ளைகளோடு போகிறவர்கள் இதைக் கட்டாயம் கேட்டுக்கொள்ளுங்கள், அங்கே போய் முகம் சுருங்கக் கூடாது. இன்னொன்று, ஏப்ரல் கடைசியிலிருந்து மே 5 வரை ஜப்பானியர்களுக்கே தொடர் விடுமுறை, கூட்டம் நெரியும். நாங்கள் மே நடுவில் போனோம்.

கிளம்பும் முன் கழுத்திலும் கையிலும் காலிலும் இருப்பதைப் பாருங்கள். உடை அவர்களே கொடுப்பார்கள். உள்ளே பனியனும் லெகிங்ஸும் போதும். வளையலைக் கழற்றி வைத்துவிட்டேன், தாலிச் சரடை உள்ளே விட்டுக்கொண்டேன். மெட்டியை மறந்துவிட்டேன். வெறுங்காலோடு மரத்தரையில் பாதத்தை இழைத்து இழைத்து நடக்கச் சொல்கிறார்கள். ஒவ்வொரு அடிக்கும் என் மெட்டி தரையில் கிறீச்சென்றது. ஆசிரியர், அதாவது சென்செய், குனிந்து பார்த்தார். கோபப்படவில்லை. மருந்துப் பெட்டியிலிருந்து பிளாஸ்திரி எடுத்து வந்து இரண்டு கையாலும் நீட்டினார். ஆசிரியரை அங்கே 'சென்செய்' என்றுதான் அழைக்க வேண்டும், பேரெல்லாம் சொல்லிக் கூப்பிடக் கூடாது. நகத்தையும் வெட்டிவிட்டுப் போங்கள். வயிறு முட்டச் சாப்பிட்டுவிட்டுப் போகாதீர்கள், இடுப்புக் கச்சையை இறுக்கும்போது தெரியும்.

உடுத்துவதே ஒரு பாடம். மேற்சட்டையில் இடது பக்கம் மேலே வரவேண்டும், வலது பக்கம் உள்ளே. மாற்றிப் போட்டால் அது பிணத்துக்கு உடுத்துகிற முறை. அதற்கு மேல் ஒபி என்ற கச்சை, நாம் சேலை செருகும் இடத்துக்கும் கீழே, இடுப்பெலும்பின் மேல். அதன்மேல் ஹகாமா என்ற அகலமான மடிப்புக் கீழாடை. முன்னால் ஐந்து மடிப்பு, பின்னால் இரண்டு. வாள் உறை இடது பக்கம் கச்சைக்குள் போகும், கூர்ப்பக்கம் மேல்நோக்கி இருக்க வேண்டும்.

மாட்டியதும் நீங்கள் அகலமாகிவிட்டீர்கள் என்பதை நினைவில் வையுங்கள். உறையின் வால் பின்னால் நீண்டிருக்கும். நான் திரும்பிய வேகத்தில் ஒரு வெள்ளைக்காரப் பெரியவரின் முழங்காலில் பட்டது. அவர் சிரித்துக்கொண்டார். அந்தக் காலத்தில் இரண்டு சாமுராய்களின் உறை உரசினால் சண்டையில் போய் முடியுமாம். இன்றும் ஜப்பானிய மொழியில் 'உறை உரசல்' என்றால் போட்டி, பகை என்று பொருள்.

அடுத்து உட்காருவதும் வணங்குவதும். "வணக்கம் சொல்லியே பாதி நேரம் போகுதும்மா" என்று மகன் முணுமுணுத்தான். போகத்தான் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள். மண்டியிட்டுக் குதிகால் மேல் உட்காருவது சேய்ஸா. உட்காரும்போது இடது முழங்கால் முதலில், எழும்போது வலது பாதம் முதலில். சம்மணங்கால் பழக்கம் இதற்கு உதவாது, மடங்கும் இடமே வேறு. முழங்கால் வலி உள்ளவர்கள் வெட்கப்படாமல் தொடக்கத்திலேயே சொல்லிவிடுங்கள். எனக்கு ஒரு குட்டி முக்காலி கிடைத்தது.

உட்கார்ந்ததும் வாளை வலது பக்கம் வைக்கச் சொன்னார்கள். வலக்கையால் உருவ வேண்டிய வாள் வலப்பக்கம் கிடந்தால் சட்டென்று உருவ முடியாது. உன்னை வெட்டும் எண்ணம் எனக்கில்லை என்பதை வாயால் சொல்லாமல் வாளை வைத்தே சொல்கிறார்கள். இதற்குப் பிறகு ஒவ்வொரு சடங்குக்குள்ளும் இப்படியொரு காரணம் ஒளிந்திருக்கிறதா என்று தேட ஆரம்பித்துவிட்டேன். அலகை விரலால் தொடக் கூடாது, வியர்வையில் துருப்பிடிக்கும். தரையில் கிடக்கும் வாளைத் தாண்டக் கூடாது. இன்னொருவரிடம் கொடுக்கும்போது கூர்ப்பக்கம் நம்மைப் பார்த்திருக்க வேண்டும்.

இனி பிடி. முதலில் கருவாலி மரத்தில் செய்த போக்கென் என்ற மரவாள் கொடுப்பார்கள், மூன்றேகால் அடி நீளம். இடக்கை கைப்பிடியின் கடைசியில், வலக்கை வாள் பக்கம். வலக்கை ஆட்டக்காரர் கிரிக்கெட் மட்டை பிடிக்கும் அதே வரிசை. என் மகன் இடக்கை ஆட்டக்காரன், தன்னிச்சையாக மாற்றிப் பிடித்தான், சென்செய் மாற்றி வைத்தார். இடக்கைப் பழக்கம் உள்ளவர்களுக்கென்று தனி முறை இல்லை, எல்லாரும் ஒரே பக்கம்தான். ஆனால் அவனுக்கு ஒரு லாபம் இருந்தது. வாளில் வேலை செய்வது இடக்கை, வலக்கை வழி மட்டும் காட்டும். எங்களில் எல்லாரும் வலக்கையால் ஓங்கி அடிக்க, அவன் ஒருவனுக்குத்தான் வாள் நேராக இறங்கியது.

சுண்டு விரலும் மோதிர விரலும் இறுக்கமாக, ஆள்காட்டி விரல் தளர்வாக. ஈரத்துணி பிழிவது போல உள்நோக்கித் திருக வேண்டும் என்று செய்து காட்டினார். துணி பிழியவா எனக்குக் கற்றுத்தர வேண்டும்! அன்றைக்கு நான் பாராட்டு வாங்கிய ஒரே இடம் அது.

பிறகு இயாய்தோ வாள் வரும். பெயர் குழப்பும், பயிற்சிக்கும் கிட்டத்தட்ட அதே பெயர்தான். துத்தநாக அலுமினியக் கலவையில் செய்த கூரில்லாத வாள். கிட்டத்தட்ட ஒரு கிலோ. ஒரு கிலோதானே என்று தோன்றும், நீட்டிப் பிடித்து முப்பது முறை வீசிய பிறகு பேசுவோம். பெரும்பாலான வாள்களில் அலகின் பக்கவாட்டில் ஒரு பள்ளம் ஓடும். கோணம் சரியாக இருந்தால் வீசும்போது 'ஸ்ஸ்' என்று ஒரு சத்தம் கேட்கும், சாய்ந்திருந்தால் கேட்காது. கண்ணாடியைப் பார்க்காமல் காதை நம்புங்கள். பலம் குறைத்து வீசிய போதுதான் எனக்குச் சத்தம் வந்தது. தலைக்கு மேலிருந்து இறக்கி தொப்புள் உயரத்தில் நிறுத்த வேண்டும். நிறுத்துவதுதான் கஷ்டம்.

இப்போது உறையில் இடுவது. இதற்குத்தான் இவ்வளவு தூரம் போக வேண்டும் என்பேன். உறையின் வாய்க்குக் 'கெண்டை வாய்' என்று பெயர், கெண்டை மீன் வாயைத் திறந்தது போல் இருப்பதால். இடக்கையால் அந்த வாயைப் பிடித்து, கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே வாளின் முதுகை இழைத்து இழுத்துக்கொண்டே போனால், முனை வந்ததும் தானாக உள்ளே விழும். தேர்ந்தவர்கள் குனிந்து பார்ப்பதில்லை. நீங்கள் பாருங்கள். முதல் முறை உள்ளங்கையில் குத்திக்கொண்டேன், கூரில்லாததால் பிழைத்தேன். இருபதாவது முறை 'க்ளக்' என்று உட்கார்ந்தபோது பஞ்சாலையில் இருபத்திரண்டு வருடம் கணக்கு நேர் செய்த சந்தோஷம் வந்தது. வாளைத் தள்ளாதீர்கள். உறையைப் பின்னுக்கு இழுத்து, பிறகு வாளின் மேல் முன்னுக்குக் கொண்டு வாருங்கள்.

இடைவேளையில் மொழிபெயர்ப்பாளப் பெண்ணிடம் பேசியது இங்கே சொல்ல வேண்டியது. ஜப்பான் வரலாற்றில் 'எடோ காலம்' என்பது 1603 முதல் 1868 வரை. அதில் 1630களுக்குப் பிறகு நெடுங்காலம் பெரிய போரே இல்லை. இரண்டு வாளைச் செருகிக்கொண்டு சாமுராய்கள் பலர் செய்தது அலுவலக வேலை: வரி, களஞ்சியம், கணக்கு. சம்பளம் அரிசியில். ஒரு கொக்கு என்பது சுமார் 180 லிட்டர், ஓர் ஆளின் ஒரு வருட அரிசி என்று வைத்த அளவு. 1876இல் பொது இடத்தில் வாள் அணிவதற்கே தடை வந்தது. நானும் கணக்கெழுதுகிறவள்தான் என்றேன். "அப்படியானால் நீங்கள்தான் அசல்" என்றாள் அந்தப் பெண்.

கூர்வாள் வெட்டு கடைசியில். தண்ணீரில் ஊறவைத்த பாய்ச்சுருளை ஒரு கம்பில் செருகி நிறுத்துவார்கள். வலது தோளிலிருந்து இடது இடுப்புக்கு, 45 பாகை சரிவில் வெட்டு. இதன் பெயர் 'கேசகிரி'. புத்த பிக்குவின் மேலாடை தோளிலிருந்து சரியும் கோடு அது. கேச என்ற அந்தச் சொல் வடமொழிக் காஷாயத்திலிருந்து போனது, நம் காஷாயமேதான். வலது கால் முன்னால் இருக்கட்டும், இடது காலை முன்னால் வைத்தால் வாள் வந்து முடிவது அதன் மேல்தான். வேகமாக வெட்ட நினைத்தபோது எனக்குப் பாதியில் மாட்டிக்கொண்டது. இரண்டாவது முறை, துணி காயப்போடுகிற நிதானத்தில் வீசினேன். வெட்டியதே கைக்குத் தெரியவில்லை, மேல்துண்டு ஒரு கணம் நின்றுவிட்டு வழுக்கி விழுந்தது.

முடிந்ததும் மறுபடி வணக்கம். தொடங்கும்போது "ஒனெகாய்ஷிமாஸ்" (தயவுசெய்து கற்றுத்தாருங்கள் என்பது போல), முடியும்போது "அரிகாத்தோ கொசாய்மாஷ்தா" (மிக்க நன்றி). இந்த இரண்டையும் மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். டிப்ஸ் கொடுக்கும் வழக்கம் அங்கே இல்லை.

அன்று மாலை நேரமிருந்தால் ஹெயான் கோயில் பக்கம் இருக்கும் பழைய புத்தொகுதென் போய்ப் பாருங்கள். 1899இல் கட்டிய மரக்கூடம், தற்காப்புக் கலைகளுக்கென்றே கட்டியது. மறுநாள் மலையேற்றம் எதுவும் வைக்காதீர்கள். நாங்கள் ஃபுஷிமி இனாரி என்ற மலைக்கோயிலை வைத்திருந்தோம். சிவப்பு வளைவுகளின் நடுவே மகன் ஓட, நான் தொடையைப் பிடித்துக்கொண்டு கீழேயே உட்கார்ந்துவிட்டேன்.

மரவாள் வாங்கினால் விமானத்தில் கைப்பையோடு விடமாட்டார்கள், சரக்கில்தான் போட வேண்டும். மூன்றேகால் அடி எந்தப் பெட்டிக்குள்ளும் அடங்காது. கடையிலேயே அட்டைக்குழாய் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். நாங்கள் கேட்கவில்லை. ஹோட்டலில் இரண்டு காலண்டர் அட்டையைச் சுருட்டி, என் துப்பட்டாவால் கட்டி அனுப்பினோம். கோவை வரை வந்து சேர்ந்தது.