ரோமானியரின் அன்றாட வாழ்வைப் பொதுமக்களுக்கு எடுத்துரைப்பது எப்படி

பண்டைய ரோமைப் பற்றிப் பொது அரங்கில் பேச முன்வரும் ஓர் அறிஞர், எதைச் சொல்வது என்று யோசிப்பதற்கு முன், யாரைப் பற்றிச் சொல்வது என்பதை முடிவு செய்துகொள்ள வேண்டும். ஜூலியஸ் சீசர், அகஸ்டஸ், நீரோ ஆகியோரின் பெயர்களைத் திரைப்படங்களும் பாடநூல்களும் ஏற்கெனவே மக்களிடம் சேர்த்துவிட்டன. ஆனால் அந்தப் பேரரசின் தலைநகரில் ஏறத்தாழ 10 லட்சம் பேர் வாழ்ந்தார்கள் என்பதும், அவர்களில் மிகப் பெரும்பாலோர் ரொட்டி சுட்டும் துணி வெளுத்தும் மூட்டை சுமந்தும் பிழைத்தவர்கள் என்பதும் அந்த அளவுக்குப் போய்ச் சேரவில்லை. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் நெடுங்காலம் செவ்வியல் துறைப் பேராசிரியராக இருந்த மேரி பியர்ட், 2012ஆம் ஆண்டில் பி.பி.சி. தொலைக்காட்சிக்காக வழங்கிய மூன்று பகுதித் தொடரில் இந்தக் குறையைத்தான் எடுத்துக்கொண்டார். பேரரசர்களை ஒதுக்கிவைத்து, சாதாரண ரோமானியரின் கல்லறைக் கற்களுக்கு முன் நின்று, அவற்றிலுள்ள லத்தீனை வாய்விட்டுப் படித்து, பார்ப்பவர்களின் கண்ணெதிரிலேயே அவர் பொருள் விளக்கினார். அதில் கற்றுக்கொள்ள வேண்டியது ஒன்று உண்டு: முடிவை மட்டும் சொல்லாமல், அந்த முடிவுக்கு எந்தச் சான்றிலிருந்து எந்த வழியாக வந்தோம் என்பதையும் கேட்போருக்குக் காட்ட வேண்டும். கீழே வரும் வழிமுறைகள் அனைத்தும் இதிலிருந்து கிளைப்பவையே.

ஒரே ஒரு பொருளை எடுத்துக்கொள்ளுங்கள்

பேரரசின் வரலாற்றை நூற்றாண்டு வாரியாகச் சுருக்கிச் சொல்லும் உரை, எவ்வளவு சரியாக இருந்தாலும், கேட்டவர் மனத்தில் தங்குவதில்லை. அதற்குப் பதிலாக ஒரே பொருளைத் தேர்ந்துகொண்டு, அதனுள் இருக்கும் அனைத்தையும் பொறுமையாக வெளியே எடுப்பதே சிறந்தது. இதற்கு நான் எப்போதும் முதலில் பரிந்துரைப்பது, இங்கிலாந்தின் வடகிழக்குக் கடற்கரையில் உள்ள சவுத் ஷீல்ட்ஸ் ஊரில் 1878இல் கிடைத்த ரெஜினாவின் கல்லறைக் கல்லைத்தான்.

முதலில் படத்தை மட்டும் காட்டி, அதில் என்ன தெரிகிறது என்று அவையினரையே சொல்ல விடுங்கள். பிரம்பு நாற்காலியில் ஒரு பெண் அமர்ந்திருக்கிறாள். ஒரு பக்கம் திறந்த நகைப்பெட்டி, மறுபக்கம் கம்பளி நூல் உருண்டைகள் நிறைந்த கூடை. மடியில் நூற்புக் கருவி. முகம் மட்டும் சிதைந்துபோயிருக்கிறது. நகையும் நூற்பும் எதற்காகக் காட்டப்பட்டன என்று கேட்டால், வசதியான வீட்டின் தலைவி, குடும்பப் பொறுப்பு அறிந்தவள் என்ற விடைகள் அவையிலிருந்தே வரும். அதன் பிறகு எழுத்துகளுக்கு வாருங்கள். அவள் பெயர் ரெஜினா. தென்கிழக்கு பிரிட்டனின் கட்டுவெல்லௌனி இனத்தவள். இறந்தபோது வயது 30. கல்லை நிறுவியவன் பராத்தெஸ், சிரியாவின் பால்மைரா நகரத்தவன். அவளைக் குறிக்க அவன் இரண்டு சொற்களை அடுத்தடுத்து வைத்திருக்கிறான்: தன்னால் விடுதலை செய்யப்பட்டவள், தன் மனைவி. அதாவது, அந்த நகைப்பெட்டிக்கு அருகில் வீட்டுத் தலைவியாக அமர்ந்திருக்கும் பெண் ஒரு காலத்தில் அதே ஆணின் அடிமையாக இருந்தவள். இந்த இடத்தில் அவசரப்படாதீர்கள். படத்தை மறுபடியும் காட்டி, முன்பு சொன்ன விடைகளை அவையினர் தாங்களே மறுபரிசீலனை செய்ய நேரம் கொடுங்கள்.

கல்லில் இன்னும் ஒரு வரி எஞ்சியிருக்கிறது. லத்தீன் வாசகத்தில் இலக்கணம் தடுமாறுகிறது. ஆனால் அதற்குக் கீழே, பால்மைராவின் எழுத்தில், பராத்தெஸின் விடுதலை பெற்ற பெண் ரெஜினா என்று கூறி, ஐயோ என்று முடியும் ஒரு வரி நல்ல கைத்திறனோடு செதுக்கப்பட்டிருக்கிறது. ஏறத்தாழ 4,000 கிலோமீட்டர் தொலைவிலிருந்து வந்த ஒருவன், அந்த ஊரில் மிகச் சிலரே படித்திருக்கக்கூடிய தன் சொந்த எழுத்தில் துயரத்தைப் பதிந்திருக்கிறான். குடிபெயர்வு, அடிமைமுறை, திருமணம், மொழி, சாவு ஆகிய ஐந்தையும் தனித்தனித் தலைப்புகளாக விரித்துச் சொன்னாலும் கிடைக்காத தெளிவு இந்த ஒரு கல்லில் கிடைக்கிறது.

ரோம் நகரிலேயே ஒரு சான்று வேண்டுமென்றால், போர்ட்டா மஜோரே வாயிலுக்கு வெளியே நிற்கும் யூரிசாசஸின் கல்லறை பொருத்தமானது. ரொட்டித் தொழிலில் செல்வம் சேர்த்த அந்த மனிதர், கோதுமை அரைப்பதிலிருந்து ரொட்டியை எடை போடுவது வரை தன் தொழிலின் ஒவ்வொரு கட்டத்தையும் கல்லறையின் மேல்விளிம்பில் செதுக்கச் செய்தார். உழைப்பைக் கீழாக எண்ணிய செல்வந்த எழுத்தாளர்களின் நூல்களை மட்டும் படித்தவர்களுக்கு, தன் தொழிலைப் பெருமையோடு உயர்த்திக் காட்டும் இந்தக் கல்லறை நல்ல மாற்று மருந்து.

எந்த அளவுக்கு உறுதி என்பதையும் சேர்த்தே சொல்லுங்கள்

பொதுமக்களுக்குச் சந்தேகங்களைச் சொன்னால் குழம்பிவிடுவார்கள் என்று பல அறிஞர்கள் அஞ்சுகிறார்கள். என் கருத்து இதற்கு நேர்மாறானது. உறுதியாகத் தெரிந்தது, நியாயமாக ஊகிக்கக்கூடியது, தெரிந்துகொள்ளவே வழியில்லாதது என்ற மூன்றையும் பேச்சிலேயே பிரித்துக் காட்டினால், கேட்பவர் உங்களோடு சேர்ந்து சிந்திக்கத் தொடங்குகிறார். எடுத்துக்காட்டாக, சவுத் ஷீல்ட்ஸிலிருந்து அதிகத் தொலைவில் இல்லாத கார்பிரிட்ஜில், 68 வயதில் இறந்த ஒரு பால்மைராக்காரனின் கல் கிடைத்திருக்கிறது. பெயரின் முற்பகுதி உடைந்திருந்தாலும் எஞ்சிய எழுத்துகள் பராத்தெஸ் என்ற பெயரோடு ஒத்துப்போகின்றன. இருவரும் ஒருவரே என்று சொல்லிவிட ஆசையாகத்தான் இருக்கும். ஆனால் அங்கே நின்று, பெயர் பொருந்துகிறது, ஊர் பொருந்துகிறது, இதற்கு மேல் கல் எதையும் சொல்லவில்லை என்று கூறுவதே நேர்மையானது. அது கதையின் சுவையையும் குறைப்பதில்லை.

வெசுவியஸ் எரிமலை வெடித்த நாளும் இப்படிப்பட்டதே. அந்த வெடிப்பை நேரில் கண்ட இளைய பிளினியின் கடிதத்தின் கையெழுத்துப் படிகளை நம்பி, கி.பி. 79 ஆகஸ்ட் 24 என்று நெடுங்காலம் எழுதிவந்தார்கள். 2018இல், அந்த வெடிப்பில் புதைந்த பொம்பெயி நகரின் ஒரு வீட்டுச் சுவரில் அக்டோபர் 17ஐக் குறிக்கும் கரிக்கிறுக்கல் ஒன்று கண்டறியப்பட்டது. அதில் ஆண்டு இல்லை. ஆனால் கரிக்கோடு எளிதில் அழிந்துவிடும் என்பதால், அது அதே ஆண்டு இலையுதிர்காலத்தில் எழுதப்பட்டதாகவே இருக்கும், எனவே வெடிப்பும் அதற்குப் பிறகே நிகழ்ந்திருக்கும் என்று அகழ்வாளர்கள் வாதிட்டார்கள். இந்த வாதத்தை இரண்டு நிமிடத்தில் சொல்லிவிட முடியும். தொல்லியலாளர் எப்படிச் சிந்திக்கிறார் என்பதை இதைவிடச் சுருக்கமாக விளக்கும் நிகழ்வு அரிது.

பணத்தையும் அளவையும் அவர்கள் வாழ்வுக்குள்ளேயே ஒப்பிடுங்கள்

டெனாரியஸ் நாணயத்தை இன்றைய ரூபாயாகவோ பவுண்டாகவோ மாற்றிச் சொல்லாதீர்கள். அப்படி மாற்றிய எண் உடனே பழையதாகிவிடும், பொருளும் தராது. ஒருவர் எத்தனை நாள் உழைத்து அதை வாங்கினார் என்று சொல்லுங்கள். பிரிட்டனின் வடக்கே ரோமானியர் எழுப்பிய எல்லைச் சுவரான ஹாட்ரியன் சுவருக்குச் சற்றுத் தெற்கே உள்ள விண்டோலாண்டா கோட்டையில் 1973 முதல் கிடைத்துவரும் மெல்லிய மரப்பலகைக் கடிதங்களும் கணக்குகளும் இதற்கு அரிய சுரங்கம். அவற்றில் ஒரு கணக்குப் பட்டியலில், காம்பாக்ஸ் என்ற வீரரின் பெயருக்கு எதிரே மிளகு, 2 டெனாரியஸ் என்று எழுதப்பட்டிருக்கிறது. பேரரசர் டொமிஷியன் காலத்திலிருந்து, லீஜியன் எனப்பட்ட ரோமானிய முதன்மைப் படைப்பிரிவின் வீரர் ஒருவரின் ஆண்டு ஊதியம் 300 டெனாரியஸ். ஆகவே அந்த மிளகின் விலை அத்தகையவரின் இரண்டு நாள் ஊதியத்தைவிட அதிகம். முன்பு சொன்ன பிளினியின் மாமாவான மூத்த பிளினி குறித்துவைத்த விலையின்படி ஒரு ரோமானிய ராத்தல் கருமிளகு 4 டெனாரியஸ் என்பதால், இரண்டு டெனாரியஸுக்கு ஏறத்தாழ 160 கிராம் கிடைத்திருக்கும். எல்லைப்புறத்தில் விலை கூடியிருந்தால் இன்னும் குறைவாகவே கிடைத்திருக்கும்.

தமிழ்க் கேட்போரிடம் பேசும்போது, அந்த மிளகு எங்கிருந்து போனது என்பதையும் சொல்வது முறை. சேர நாட்டின் முசிறிக்கு யவனரின் மரக்கலம் பொன்னோடு வந்து மிளகோடு திரும்பியதை அகநானூற்றுப் பாடல் ஒன்று சொல்கிறது. எகிப்தின் செங்கடல் துறையான பெரெனிகேயில், கோயில் ஒன்றின் தரைக்கடியில் இந்தியச் சாடி ஒன்றிலிருந்து 7.5 கிலோ கருமிளகு எடுக்கப்பட்டது. மேற்குத் தொடர்ச்சி மலைக்கும் ஸ்காட்லாந்து எல்லையில் குளிரில் நின்ற ஒரு வீரரின் உணவுத் தட்டுக்கும் இடையிலான வழி இப்படி ஓர் எழுத்துச் சான்றாலும் ஓர் அகழ்வாலும் கண்முன் வருகிறது.

சாக்கடைக்கும் மாடிப்படிக்கும் அழைத்துச் செல்லுங்கள்

ரோமானிய உணவு என்றதும் மயில் நாக்கும் மதுவும்தான் பலருக்கும் நினைவு வரும். அந்தக் கற்பனையை வாதத்தால் அகற்ற முயல்வதைவிட, பொம்பெயியைப் போலவே வெசுவியஸால் புதைந்த ஹெர்குலேனியம் நகரில் கடைகளும் சிறு குடியிருப்புகளும் கொண்ட ஒரு கட்டடத் தொகுதியின் கழிவுநீர்க் கால்வாயில் தோண்டி எடுத்ததைக் காட்டுவது பலன் தரும். நூற்றுக்கணக்கான மூட்டைகளாக அள்ளப்பட்ட அந்தக் கழிவில் மீன் முள், கடல் முள்ளெலி ஓடு, முட்டை ஓடு, அத்தி விதை, கசகசா, மிளகு ஆகியவை இருந்தன. அந்த வீடுகளில் இருந்தவர்கள் பிரபுக்கள் அல்லர். ஆனாலும் பலவகை உணவை உண்டார்கள். வீட்டைப் பற்றிப் பேசும்போதும் தூண்கள் சூழ்ந்த மாளிகையோடு நிறுத்திவிடாதீர்கள். ரோமின் கேபிட்டலைன் குன்றின் அடிவாரத்தில் இன்றும் நிற்கும் அடுக்குக் குடியிருப்பில், கீழே கடைகளும், மேலே போகப் போகக் குறுகி இருண்டுகொண்டே செல்லும் அறைகளும் இருப்பதைக் காட்டினால், வசதி குறைந்தவர்கள் ஏன் மேல்தளங்களில் இருந்தார்கள் என்பதும், தீப்பிடித்தால் யார் முதலில் செத்தார்கள் என்பதும் சொல்லாமலே விளங்கும்.

தவறான நம்பிக்கைகளைத் திருத்தும்போது, கேட்டவரை வெட்கப்படுத்தாமல், அதைவிடச் சுவையான உண்மையைக் கையில் வைத்துக்கொண்டு திருத்துங்கள். வாட்போர் வீரர்கள் ஒவ்வொரு முறையும் சாகப்போகிறோம் என்று பேரரசருக்கு வணக்கம் சொன்னதாக ஒருவர் கூறினால், அந்த வாசகம் பேரரசர் கிளாடியஸ் ஓர் ஏரியில் நடத்திய போலிக் கடற்போரைப் பற்றிய செய்தியில்தான் வருகிறது என்றும், அதைச் சொன்னவர்கள் அங்கே போரிட நிறுத்தப்பட்டவர்கள் என்றும் விளக்கலாம்.

அடிமைமுறையை மென்மையாக்காதீர்கள்

அன்றாட வாழ்வை அன்போடு சொல்லும் எவருக்கும் ஓர் ஆபத்து உண்டு: ரோமானியர் நம்மைப் போன்றவர்களே என்ற இனிய முடிவில் போய் நின்றுவிடுவது. பிறந்தநாளுக்கு வரச் சொல்லித் தன் தோழி சல்பீசியா லெப்பிடினாவுக்கு கிளாடியா செவேரா எழுதிய விண்டோலாண்டா கடிதத்தைப் படித்தால் நெஞ்சம் இளகும். அது இயல்பானதே, ஆனால் அதே உரையில், ரோமில் பாதுகாக்கப்படும் ஓர் இரும்புக் கழுத்துவளையத்தையும் காட்ட வேண்டும். அதில் தொங்கும் தகட்டில், நான் தப்பி ஓடியவன், என்னைப் பிடியுங்கள், என் எசமான் சோனினஸிடம் என்னைத் திருப்பித் தந்தால் ஒரு பொற்காசு பெறுவீர்கள் என்று எழுதியிருக்கிறது. எசமானின் பெயர் அதில் இருக்கிறது. அதை அணிந்தவரின் பெயர் இல்லை. அந்த வாசகத்தை அடிமையின் வாயால் பேசுவதுபோல் எழுதியவர் எசமானே என்பதையும் சுட்டிக்காட்டுங்கள். ரெஜினாவின் கல்லுக்கும் இதே கேள்வியைப் போடலாம்: அங்கே பேசுவது பராத்தெஸ், அந்தத் திருமணத்தைப் பற்றி ரெஜினா என்ன நினைத்தாள் என்பதற்கு ஒரு சொல்கூட இல்லை. கேட்போரின் பரிவைக் குறைக்க இதைச் சொல்லவில்லை. அவள் சார்பில் நாம் மகிழ்ச்சியை எழுதிவிடக் கூடாது என்பதற்காகவே சொல்கிறேன்.

கேள்விகளுக்கு நேரம் ஒதுக்குங்கள்

உரையின் கால் பங்கு நேரத்தையாவது கேள்விகளுக்கு விட்டுவிடுங்கள். கடுமையான கேள்விகளும் வரும். 2017இல் பி.பி.சி.யின் பள்ளி மாணவருக்கான அசைவுப் படம் ஒன்றில் ரோமானிய பிரிட்டனில் கறுப்பு நிறத் தந்தை ஒருவர் காட்டப்பட்டதற்கு எதிர்ப்புக் கிளம்பியபோது, அது வரலாற்றோடு பொருந்துவதே என்று பொதுவெளியில் சொன்ன மேரி பியர்ட் கடுமையான வசைகளை எதிர்கொண்டார். அவர் ஒதுங்கிவிடாமல் சான்றுகளைக் கொண்டே பதிலளித்தார். பிரிட்டனின் ஆளுநராக இருந்த குயின்டஸ் லோலியஸ் அர்பிகஸ், இன்றைய அல்ஜீரியாவில் உள்ள திட்டிஸ் ஊரைச் சேர்ந்தவர். அவர் குடும்பத்தின் கல்லறை அங்கே இன்றும் நிற்கிறது. இத்தகைய கேள்விகளுக்கு இரண்டு மூன்று உறுதியான சான்றுகளைப் பெயர், இடம் ஆகியவற்றோடு முன்கூட்டியே நினைவில் வைத்திருங்கள். அவற்றிலிருந்து எது நிறுவப்படுகிறது, எது நிறுவப்படவில்லை என்பதையும் சேர்த்தே சொல்லுங்கள். வட ஆப்பிரிக்காவில் பிறந்தவர் என்பதைக் கல்வெட்டு காட்டும். தோலின் நிறத்தைக் காட்டாது.

இறுதியாக, நீங்கள் காட்டிய ஒவ்வொரு பொருளும் எங்கே இருக்கிறது என்பதை ஒரு தாளில் அச்சிட்டுக் கொடுங்கள். விண்டோலாண்டா பலகைகளில் பெரும்பாலானவை லண்டனின் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. ரெஜினாவின் கல் சவுத் ஷீல்ட்ஸில் உள்ள ஆர்பெய்யா கோட்டை அருங்காட்சியகத்தில் இருக்கிறது. யூரிசாசஸின் கல்லறையைப் பார்க்க நுழைவுச்சீட்டே தேவையில்லை, டிராம் ஓடும் சாலையோரத்தில் நின்றாலே போதும். நேரில் போக இயலாதவர்களுக்காக, பலகைகளின் படங்களும் மொழிபெயர்ப்புகளும் இணையத்தில் இலவசமாகக் கிடைப்பதையும் அதே தாளில் குறிப்பிடுங்கள்; நீங்கள் சொன்னதைச் சரிபார்க்க விரும்புபவர் அங்கிருந்து தொடங்கலாம்.