டான் லெவி ஆகணும்னு கிளம்புறவங்க பண்ற தப்புகள்

டொராண்டோல டிவி தொழில்ல கொஞ்ச வருஷமா ஓடிட்டிருக்கேன். கேமரா முன்னாடி இல்ல, பெரும்பாலும் பேப்பர் வேலைதான், ஸ்கிரிப்ட் படிக்கறது, பட்ஜெட் பாக்கறது, காண்ட்ராக்ட்ல யாரு யாருக்கு எதை எழுதிக் குடுத்துட்டாங்கன்னு தோண்டறது. புதுசா வர்றவங்கள்ல பாதிப் பேர் சொல்ற ஆசை ஒண்ணுதான், "டான் லெவி மாதிரி. நானே எழுதி, நானே நடிச்சு, நானே தயாரிக்கணும்." ஆசைல தப்பே இல்ல. ஆனா அந்த மனுஷனோட கேரியர்ல எதைப் பாக்கணுமோ அதை விட்டுட்டு 2020 எம்மி (அமெரிக்க டிவி அவார்டு) ராத்திரிய மட்டும் யூடியூப்ல திரும்பத் திரும்பப் பாத்துட்டு வந்து உக்காருறாங்க, அந்த வயசுல நான் சுத்தின அதே ரவுண்ட என் கண்ணு முன்னாடியே சுத்தறாங்க, பாத்துட்டு சும்மா இருக்க முடியல, அதான் எழுதறேன்.

ஹெட்ஷாட் சரியில்ல, செல்ஃப் டேப்ல லைட்டிங் மோசம், ஸ்கிரிப்ட் ஃபார்மட் தப்பு, இதெல்லாம் நான் சொல்லப் போறதில்ல. அது யாரு வேணா சொல்லுவாங்க.

தெரியாதவங்களுக்கு ஒரு சின்ன முன்கதை. டான் லெவி 1983ல டொராண்டோல பொறந்தவர். யார்க், ரையர்சன்னு ரெண்டு யூனிவர்சிட்டில சினிமா படிச்சவர். எம்டிவி கனடால தொகுப்பாளரா இருந்து பேர் வாங்கினார். அப்புறம் அப்பா யூஜின் லெவியோட சேந்து 'ஷிட்ஸ் கிரீக்' உருவாக்கினார். சொத்தெல்லாம் போன ஒரு பணக்காரக் குடும்பம், எப்பவோ விளையாட்டுக்கு வாங்கிப் போட்ட ஒரு குட்டி ஊர்ல, மோட்டல் ரூம்ல வந்து தங்கற கதை. 2015 ஜனவரில சிபிசிங்கற கனடா சேனல்ல ஆரம்பிச்சு 2020 ஏப்ரல்ல முடிஞ்சுது, 6 சீசன், 80 எபிசோட். அந்த வருஷ எம்மில காமெடிப் பிரிவோட 7 பெரிய அவார்டும் இதுக்கேதான், மொத்தம் 9. நடிப்பு, எழுத்து, இயக்கம், தயாரிப்புன்னு டான் லெவி ஒருத்தர் கைக்கே நாலு வந்துச்சு.

"அவருக்கு அப்பா இருந்தாரு"

இருந்தாரு. யாரு இல்லைன்னா? யூஜின் லெவி 70கள்லயே டொராண்டோ செகண்ட் சிட்டி காமெடி மேடைலேர்ந்து எஸ்சிடிவிங்கற டிவி காமெடி ஷோவுக்குப் போனவரு, கேத்தரின் ஓ'ஹாரா அங்கேர்ந்தே கூட நடிச்சவங்க, அந்த நட்பு இல்லாம 'ஷிட்ஸ் கிரீக்' அம்மா மொய்ரா ரோஸ் கேரக்டருக்கு அவங்க கிடைச்சிருப்பாங்களான்னா கஷ்டம்தான். இதை மறைச்சுப் பேசறதும் பொய்தான். ஆனா இதையே சாக்கா வச்சு "நமக்கெல்லாம் நடக்காதுப்பா"ன்னு உக்காந்துடறாங்க பாருங்க, அவங்களுக்கு ரெண்டு பேரச் சொல்றேன். பிரெண்ட் பட், சஸ்காச்சுவான்ல டிஸ்டேல்னு ஒரு ஊர், வருஷக்கணக்கா ஊர் ஊரா ஸ்டாண்டப் பண்ணினவரு. 2004ல சிடிவி சேனல்ல 'கார்னர் கேஸ்', ஒரு பெட்ரோல் பங்க், பக்கத்துல ஒரு காபி ஷாப், அவ்வளவுதான் உலகமே, 107 எபிசோட் போச்சு. இன்னொருத்தர் ஜேரட் கீசோ, ஒன்டாரியோல லிஸ்டவெல், ஜூனியர் ஹாக்கி ஆடின பையன், நடிக்க வந்து சின்னச் சின்ன ரோல், அப்புறம் 2013ல யூடியூப்ல குட்டிக் குட்டி வீடியோவா போட்டது 2016ல கிரேவ்ங்கற ஸ்ட்ரீமிங் தளத்துல 'லெட்டர்கென்னி'யா வந்து 2023 கடைசி வரைக்கும் ஓடுச்சு. ரெண்டு பேருமே எழுத்து, நடிப்பு, தயாரிப்பு மூணும். ரெண்டு பேருக்கும் அப்பா ஸ்டார் இல்ல.

முதல்ல லாஸ் ஏஞ்சலஸ் போயிடணும்

வேண்டாம். கையில ஒரு ஷோ இருந்தா அவங்களே கூப்பிடுவாங்க.

வர்ற வேலைய கேவலமா பாக்கறது

எம்டிவில டான் லெவி பண்ணினது என்ன தெரியுமா? இன்னொருத்தன் எடுத்த ரியாலிட்டி ஷோ முடிஞ்ச உடனே, அதைப் பத்திப் பேசற ஆஃப்டர் ஷோ. இன்னிக்கு ஒரு ஆக்டிங் ஸ்கூல் பையன்கிட்ட அந்த வேலைய நீட்டினா மூஞ்சியச் சுளிப்பான், "நான் ஆர்ட்டிஸ்ட்"ம்பான். லைவ்ல டைம் பாத்துப் பேசறது, எங்க ஜோக் விழும் எங்க செத்துப் போகும்ங்கறது, கண்ட்ரோல் ரூம்ல எத்தனை பேர் பதட்டமா நிக்கறாங்கங்கறது, இதெல்லாம் அங்கதான் உடம்புல ஊறும். கதையே எழுதாம கதைக்கு ரிதம் கத்துக்கற இடம் அது. சம்பளம் வேற தர்றாங்க.

தயாரிப்பாளர்ங்கறத டைட்டில் கார்டுல ஒரு வரின்னு நினைக்கறது

இதுதான். நான் எழுதவே உக்காந்ததுக்குக் காரணம் இது ஒண்ணுதான், மத்ததெல்லாம் சும்மா தொட்டுக்க.

எனக்குத் தெரிஞ்ச ஒரு பையன், பேர் வேண்டாம், ரொம்ப நல்லா எழுதுவான். ரெண்டு நண்பர்களோட சேந்து ஒரு வெப் சீரிஸ் எடுத்தான், ஸ்கார்பரோ பக்கம் ஒரு ஸ்ட்ரிப் மால்ல நடக்கற காமெடி. நாலு பேர் பாத்தாங்க, அதுல ஒருத்தர் ஒரு தயாரிப்புக் கம்பெனில இருக்கறவரு. கூப்பிட்டாங்க. காபி, சிரிப்பு, "உன் குரல் ரொம்பப் புதுசா இருக்கு". ஒரு பேப்பர் நீட்டினாங்க. அதுல அவனுக்கு எக்சிக்யூட்டிவ் புரொட்யூசர்னு கிரெடிட் இருந்துச்சு, அதை மட்டும் போட்டோ எடுத்து அம்மாவுக்கு அனுப்பினான், மீதிப் பக்கத்த புரட்டிக்கூடப் பாக்கல. கையெழுத்து. அதுல ஒரு ஷரத்துல அவன் விட்டுக் குடுத்தது என்னன்னா, கதை, கேரக்டர்கள், தொடர்ச்சி, ஸ்பின் ஆஃப் (கிளைத் தொடர்), எல்லாமே, எந்தத் தேதியும் இல்லாம, திரும்பி வர்ற வழியும் இல்லாம. கம்பெனில ஆள் மாறிச்சு, புதுசா வந்தவருக்கு இது பிடிக்கல, ஷெல்ஃப்ல போட்டாங்க. இப்ப வேற ஒரு இடத்துல அதே கதைய ஆசையா கேக்கறாங்க, அவனால குடுக்க முடியாது. அவன் எழுதினது. அவன் வளந்த தெரு. அவனால குடுக்க முடியாது! அந்தக் கம்பெனி ஏமாத்துச்சுன்னுகூட சொல்ல முடியல, எல்லாம் பேப்பர்ல தெளிவாத்தான் இருந்துச்சு, இவன் படிக்கல.

இப்படி ஒண்ணு நடந்தா பரவால்ல, எனக்கு எரிச்சல் என்னன்னா இது வருஷா வருஷம் நடக்குது, வேற வேற பசங்க, அதே ஷரத்து.

இதைக் கேட்டுட்டு சிலர் அடுத்த கோடிக்குப் போயிடறாங்க, "நான் ரைட்ஸே தர மாட்டேன்". அதுவும் நடக்காது, ஏன்னு புரியணும்னா கனடால ஒரு ஷோவுக்குக் காசு எப்படி வருதுன்னு தெரியணும். சேனல் முழுக் காசும் தராது, லைசன்ஸ் ஃபீன்னு ஒரு பங்குதான் தரும். மீதிய கனடா மீடியா ஃபண்ட், வெளிநாட்டு விநியோகம், டாக்ஸ் கிரெடிட் (அரசாங்கம் தர்ற வரிச் சலுகை)னு அங்கங்க பொறுக்கிச் சேக்கணும். ஃபெடரல் டாக்ஸ் கிரெடிட் தகுதியான சம்பளச் செலவுல 25 சதவீதம், ஒன்டாரியோ தனியா 35 தருது. இது கிடைக்கணும்னா இது கனடாத் தயாரிப்புதான்னு அரசாங்கத்தோட காவ்கோ அலுவலகம் தர்ற சர்டிஃபிகேட் வேணும், 10 பாயிண்ட்ல குறைஞ்சது 6, டைரக்டர் கனடாக்காரர்னா 2, எழுத்தாளர்னா 2, முக்கிய நடிகர்னா 1, இப்படிப் போகும். தயாரிப்பாளர் கனடாக்காரரா இருக்கணும், அதுக்கு பாயிண்ட்டே கிடையாது, அது கட்டாயம். அதுக்கும் மேல, 25 வருஷத்துக்கு அந்த ஷோவோட வணிக உரிமை தயாரிப்புக் கம்பெனி தரப்புல இருக்கணும். ஆக கம்பெனி உங்ககிட்ட ரைட்ஸ் கேக்கறது பேராசைனால மட்டும் இல்ல, அது இல்லாம அவங்களால காசே எழுப்ப முடியாது.

அப்ப என்ன பண்ணலாம்? முதல்ல விக்காதீங்க, ஆப்ஷன் குடுங்க, ஒரு வருஷமோ ஒண்ணரை வருஷமோ தேதி போட்டு. அதுக்குள்ள எடுக்கலன்னா உரிமை உங்ககிட்டயே திரும்பி வரும்னு எழுதி வாங்குங்க. ஷோ நடந்தா நீங்கதான் எழுத்தாளர், நீங்கதான் நடிகர், இத்தனாவது எபிசோட் வரைக்கும்னு கேளுங்க. ஸ்பின் ஆஃப் வந்தா முதல்ல உங்களைக் கேக்கணும், கேக்கலைன்னாலும் காசு வரணும்னு போடுங்க. ரைட்டர்ஸ் கில்ட் (எழுத்தாளர் சங்கம்) ஒப்பந்தத்துல என்ன இருக்கு என்ன இல்லைன்னு தெரிஞ்ச ஒரு என்டர்டெயின்மென்ட் லாயருக்குக் காசு குடுக்க அழாதீங்க, கேமரா லென்ஸ் வாடகைக்கு அழாம குடுக்கறீங்கல்ல.

இல்லைன்னா லெவிங்க பண்ணினதப் பண்ணுங்க. அவங்க தயாரிப்பாளர் ஆண்ட்ரூ பார்ன்ஸ்லியோட சேந்து சொந்தமா ஒரு கம்பெனியே வச்சுக்கிட்டாங்க, பேரே 'நாட் எ ரியல் கம்பெனி', நிஜக் கம்பெனி இல்லையாம், நக்கலப் பாருங்க! அமெரிக்க சேனல்கள்ட்டயும் பேசிப் பாத்தாங்க, கடைசில இங்க சிபிசி, அந்தப் பக்கம் யாருமே பெருசா கேள்விப்படாத பாப் டிவி, உலக விநியோகத்துக்கு ஐடிவி ஸ்டூடியோஸ்னு துண்டு துண்டா சேத்தாங்க. பெரிய அமெரிக்க நெட்வொர்க்கோட பெரிய செக் இல்லதான். ஆனா அந்த ஊர்ல யாரும் யாரையும் ஓரினச்சேர்க்கையாளர்ங்கறதுக்காகக் கேலி பண்ண மாட்டாங்கன்னு டான் லெவி முடிவு பண்ணினாரு, கடைசி வரைக்கும் அப்படியே நின்னுச்சு. மொய்ராவும், அவர் நடிச்ச டேவிடும் போடற டிரெஸ்ஸைக்கூட காஸ்ட்யூம் டிசைனரோட உக்காந்து பழைய துணிக்கடை, ஈபேன்னு தேடி எடுத்தாரு, அதுக்கும் ஒரு எம்மி வந்துச்சு. நடிகனா மட்டும் இருந்திருந்தா குடுத்ததப் போட்டுட்டு நின்னிருப்பாரு.

எதிர்ப்பக்கமும் ஒண்ணு பாருங்க. இன்ஸ் சாய் 2011ல டொராண்டோ ஃப்ரிஞ்ச் விழால போட்ட நாடகம் 'கிம்ஸ் கன்வீனியன்ஸ்', 2016ல சிபிசி தொடராச்சு. அஞ்சு சீசன் ஓடி, ஆறாவதுக்கும் சேனல் ஓகே சொல்லியிருந்த நேரத்துல, உருவாக்கினவங்க ரெண்டு பேரும் விலகிட்டாங்கன்னு 2021ல நிறுத்திட்டாங்க. கதை ரைட்ஸ் கையில வச்சிருந்த தயாரிப்பாளர்கள்தான் தொடர வேண்டாம்னு முடிவு பண்ணினாங்கன்னு நடிகர் சிமு லியு வெளிப்படையாவே எழுதினாரு, எழுத்து அறைல கொரியன் குரல் பத்தலைன்னும் சேத்து. நடிச்சவங்க எத்தனை பேர் தொடரணும்னு நினைச்சிருந்தாலும் அங்க அவங்களுக்கு ஓட்டு இல்ல.

இதோட ஒட்டின இன்னொண்ணு, நண்பர்களோட சேந்து எழுதறது. அந்தப் பையன் கதைலயும் இது ரெண்டாவது பூதமா கிளம்புச்சு. மூணு பேர் ராத்திரி முழுக்க பீட்சா தின்னுட்டு எழுதினாங்க, யாரு எவ்வளவுன்னு ஒரு துண்டுச் சீட்டு இல்ல. ஐடியாவுக்குக் காப்பிரைட் கிடையாது, எழுதினதுக்கு உண்டு, சேந்து எழுதியிருந்தா எல்லாரும் சம்மதிக்காம லைசன்ஸ் குடுக்க முடியாது. சேனல் போகும்போது எரர்ஸ் அண்ட் ஒமிஷன்ஸ் இன்சூரன்ஸ் (கதை என்னோடதுன்னு யாராவது கேஸ் போட்டா காப்பாத்தறது) கேப்பாங்க, இன்சூரன்ஸ்காரன் செயின் ஆஃப் டைட்டில் கேப்பான், அதாவது முதல் வரி எழுதினவன்லேர்ந்து இன்னிக்கு வரைக்கும் உரிமை யார்கிட்டேர்ந்து யாருக்குப் போச்சுன்னு ஒவ்வொரு பேப்பரும். அப்ப போய் வான்கூவர்ல ஐடி வேலைக்குப் போயிட்ட பழைய நண்பன்கிட்ட கையெழுத்து கேட்டா, அவன் பொண்டாட்டி "இதுக்கு எவ்வளவு தருவாங்க"ன்னு கேப்பாங்க. நியாயமான கேள்விதானே. எழுத ஆரம்பிக்கற அன்னிக்கே ஒரு பக்கம் எழுதி மூணு பேரும் கையெழுத்துப் போட்டிருந்தா பீட்சாவோட முடிஞ்சிருக்கும்.

எங்கயோ நடக்கற கதை

டொராண்டோவ நியூயார்க்னு காட்டி எடுக்கற அமெரிக்கப் படங்களப் பாத்துப் பாத்து, நம்ம பசங்களும் எந்த ஊர்னே சொல்லாம எழுதறாங்க, சொன்னா அமெரிக்காக்காரன் வாங்க மாட்டான்னு பயம். 'கார்னர் கேஸ்' சஸ்காச்சுவான்ல டாக் ரிவர்னு ஒரு கற்பனை ஊர் பேரச் சொல்லி, அங்கயே ரூலோங்கற ஊர்ல போய் எடுத்தாங்க. லெட்டர்கென்னில அவங்க பேசற பேச்சு பல கனடாக்காரங்களுக்கே சப்டைட்டில் போட்டாத்தான் புரியும். ஓடுச்சா இல்லையா? 'ஷிட்ஸ் கிரீக்' எந்த நாடுன்னு சொல்லவே இல்லையேன்னு கேப்பீங்க. ஆமா, சொல்லல. ஆனா ஒன்டாரியோ குட்வுட் ஊர்ல எடுத்த அந்தத் தெரு, கஃபே, வேற இடத்துல எடுத்த மோட்டல், டவுன் கவுன்சில் எல்லாத்தையும் கண்ண மூடிட்டு வரைஞ்சு காட்டலாம். நாட்டு பேர மறைச்சாரு, ஊர மறைக்கல.

எல்லாமே நான்தான்

எம்மி வாங்கின கடைசி எபிசோட்ட டான் லெவி தனியா எழுதினாரு, ஆனா ஆண்ட்ரூ சிவிடினோவோட சேந்துதான் இயக்கினாரு. அதுவும் ஆறாவது சீசன்ல.

நிறுத்தத் தெரியாதது

'ஷிட்ஸ் கிரீக்' நெட்ஃப்ளிக்ஸ்ல ஏறி உலகமே பாக்க ஆரம்பிச்ச நேரத்துலதான் ஆறோட முடிக்கறோம்னு அறிவிச்சாங்க. அந்த இடத்துல இருக்கற யாருக்கும் "இன்னும் ரெண்டு சீசன்"ங்கற சத்தம் காதுல கேட்டுக்கிட்டே இருக்கும், காசும் அப்பத்தான் நல்லா வரும். பிரெண்ட் பட்டும் அப்படித்தான், 2009ல அவரே நிறுத்தினாரு, கூட்டம் குறையறதுக்கு முன்னாடியே. அதனாலதான் 2014ல படமா எடுக்கறோம்னு கிக்ஸ்டார்ட்டர்ல கேட்டப்ப கேட்டத விட ரெண்டு மடங்குக்கு மேல ஜனங்க குடுத்தாங்க, 2018லேர்ந்து 2021 வரைக்கும் அதே ஊர் அதே ஆளுங்க அனிமேஷனா வேற வந்துச்சு. அந்தப் படத்துலயும் கார்ட்டூன்லயும் எக்சிக்யூட்டிவ் புரொட்யூசர்னு அவர் பேரும் இருக்கு, அவருக்கு அது வெறும் கிரெடிட் இல்ல.